நான் நட்சத்திரம் ஒட்டிய கண்கள்

இருபத்தொன்பது வருஷம் ஆட்களை வரைந்து சம்பளம் வாங்கியிருக்கிறேன். அத்தனை பேரில் ஒருத்தியிடம் மட்டும்தான் பஸ் ஏறிப் போய் மன்னிப்புக் கேட்டேன். புதிதாக அனிமேஷன் வேலைக்கு வந்திருக்கும் உங்களுக்குச் சொல்ல என்னிடம் இருப்பது அந்தக் கதைதான். எந்த மென்பொருள் நல்லது, எந்த டேப்லெட் வாங்கலாம் என்று என்னைக் கேட்காதீர்கள். அதற்கெல்லாம் உங்கள் வயசில் வேண்டிய மட்டும் ஆள் இருக்கிறது.

நான் திருவனந்தபுரம் வலியசாலைக்காரி. வழுதக்காட்டில் ஒரு சின்ன ஸ்டூடியோவில் தலைமை அனிமேட்டராக இருந்து ஓய்வு பெற்றேன். வருஷம் பூராவும் பல் தேய்க்கும் முயல், கொசு விரட்டும் யானை என்று விளம்பரம் வரைந்து பிழைத்தோம். அந்த அலுப்பில் எங்கள் இயக்குநர் ஒரு சோதனைப் படம் எடுப்போம் என்றார். ஏழு நிமிஷம், கதை கிடையாது. ஒரு பெரிய நடிகர் இறந்தபோது டிவியும் போனும் சேர்ந்து அந்தச் சாவை மூன்று நாள் திருவிழா ஆக்கினவே, அதை பாப் ஆர்ட் பாணியில் காட்ட வேண்டும். நடிகரின் முகம் சோப்பு உறை மாதிரி வரிசையாக அச்சாகி வரும். செய்தி வாசிப்பவரின் வாய் மட்டும் கழன்று திரையெங்கும் பறக்கும். மைக்குகள் மாலையாகக் கோத்துச் சவப்பெட்டி மேல் விழும். மஞ்சள், ரோஸ், நீலம் எல்லாம் கண்ணைக் குத்துகிற மாதிரி. எனக்கு அந்த வேலை ரொம்பப் பிடித்திருந்தது. முயலுக்குப் பல் தேய்த்துவிட்ட கைக்கு அது கல்யாணச் சாப்பாடு.

படத்தின் நடுவில் நாற்பது விநாடி ஒரு பெண் வருவாள். நடிகரின் இறுதி ஊர்வலக் கூட்டத்தில் வாயைப் பிளந்து, தலையில் அடித்துக்கொண்டு கதறிய ஒருத்தியை டிவிக்காரர்கள் அன்றைக்கே பிடித்துவிட்டார்கள். கீழே 'ரசிகையின் கண்ணீர்' என்று வரி ஓடியது. அதை யாரோ வெட்டிப் போனில் போட, பரீட்சையில் தோற்றால், மேட்சில் தோற்றால், பிரியாணி தீர்ந்துபோனால் என்று எல்லாவற்றுக்கும் அந்த ஆறு விநாடி அழுகையை ஒருவருக்கொருவர் அனுப்பிச் சிரித்தார்கள். ஊரில் அவளுக்கு அழுகைக்காரி என்றே பெயர். வருஷங்கள் போயும் அது ஓயவில்லை. அவளை எடுத்துத் தபால்தலைத் தாள் மாதிரி நாற்பது கட்டங்களில் நாற்பது தடவை அழவைப்பது இயக்குநரின் யோசனை. அவள் கண்ணை எடுத்துவிட்டு இரண்டு மஞ்சள் நட்சத்திரம் ஒட்டுவது என் யோசனை. நடிகர் மோகத்தில் கண் தெரியாமல் போனவள் என்று அர்த்தம். அதைச் சொன்னபோது அறையில் எல்லோரும் கைதட்டினார்கள். நான் இரண்டு நாள் அந்தக் கைதட்டலிலேயே நடந்தேன்.

அந்த ஆறு விநாடியைச் சட்டகம் சட்டகமாக மேல்தாள் வைத்து வரைந்து எடுத்தவள் ஷைனி. பாறசாலைப் பக்கத்துப் பெண், வேலைக்கு வந்து நாலு மாசம். ஒரு நாள் என் மேஜைக்கு வந்து நின்றாள்.

“சேச்சி, ஒரு காரியம் சொல்லட்டா? இவங்க நடிகரக் கொண்டுபோற வண்டியப் பாக்கல்ல. வண்டி வலது பக்கமாக்கும் போவுது. இவங்க கீழயாக்கும் பாக்காங்க.”

“அழறவா கீழயும் பாப்பா, மேலயும் பாப்பா.”

“இல்ல சேச்சி. பாத்த இடத்தையே திரும்பத் திரும்பப் பாக்காங்க. எனக்கு என்னவோ போல இருக்கு.”

“ஷைனி, அவளுக்குக் கண்ணே கிடையாது. நட்சத்திரம்தான் வரப்போறது. இல்லாத கண்ணுக்கு எதுக்கு இத்தனை மெனக்கெடறே? அடுத்ததைப் பாரு, கேட்டியா?”

அவள் போய்விட்டாள். நான் கோபமாகக்கூடச் சொல்லவில்லை, செல்லமாகத்தான் சொன்னேன். செல்லமாகச் சொல்லி வாயடைப்பதுதான் மூத்தவர்களின் சாமர்த்தியம். உங்களிடமும் யாராவது அதைச் செய்வார்கள். இந்த வேலையில் இருபது வருஷம் ஆனபின் நீங்களும் செய்வீர்கள்.

திரைப்பட விழாவில் படத்தைத் தேர்ந்தெடுத்துவிட்டார்கள். இதே ஊரில், பெரிய அரங்கில், மத்தியானக் காட்சி. அதற்குப் பத்து நாள் முன்னால் தெரிந்தவர்கள் முப்பது பேரைக் கூட்டி ஒரு தடவை போட்டுப் பார்த்தோம். திரையில் நடிகர் முகம் வந்தபோது புன்னகை செய்தார்கள், பறக்கிற வாய்க்குக் கொஞ்சம் சிரித்தார்கள். நட்சத்திரக் கண்ணோடு நாற்பது பேர் கோமாளி இசைக்கு ஒரே தாளத்தில் தலையில் அடித்துக்கொண்டதும் நாற்காலி ஆட ஆடச் சிரித்தார்கள். நானும்தான். ஷைனி மட்டும் சிரிக்காததைப் பார்த்தேன். இந்தக் காலத்துப் பெண்களுக்கு ரொம்பத்தான் வீம்பு என்று நினைத்துக்கொண்டேன்.

மறுநாள் மத்தியானம் தயிர்சாத டப்பாவோடு அவள் மேஜையைத் தாண்டிப் போனேன். அவள் சாப்பிடப் போயிருந்தாள். திரையில் ஒன்று ஓடிக்கொண்டே இருந்தது. முகம் இல்லை, வண்ணம் இல்லை. வெள்ளைத் தாளில் இரண்டு கண் மட்டும். நான் வேண்டாம் என்று தள்ளிய கண்ணை அவள் தன் ஆறுதலுக்கு வரைந்து வைத்திருக்கிறாள்.

என்னை வேலைக்கு எடுத்தவர் முதல் நாள் சொன்னது, ஒரு ஆள் எந்தப் பக்கம் திரும்பினாலும் முதலில் கண் போகும், அப்புறம்தான் தலை, கடைசியாக உடம்பு என்று. அந்த ஒரு வரியை வைத்துத்தான் இத்தனை வருஷம் பிழைத்தேன். டப்பாவைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். கண் இடது பக்கம் கீழே போனது. வலது பக்கம் கீழே. பின்னால். மறுபடி இடது. எல்லாம் ஒரே உயரம். ஒரு ஆளின் முழங்காலுக்கு மேல், இடுப்புக்குக் கீழ். போனவருக்காக அழுகிறவர்கள் போகிற வண்டியைப் பார்ப்பார்கள். இவள் கால்களுக்கு நடுவே தேடிக்கொண்டிருந்தாள். அந்த உயரத்தில் கூட்டத்தில் என்ன இருக்கும்? ஒரு குழந்தைதான் இருக்கும்.

சினிமா மோகத்தில் கண் தெரியாதவள் என்று ஒருத்தியைச் சொல்லி அந்தக் கண்ணையே பிடுங்கிப் போட்டிருக்கிறேன். மனிதர்களின் முகத்தை டிவி விலைப்பொருளாக்குகிறது என்று ஏழு நிமிஷம் உபதேசம் செய்கிற படம் அது. தன் முதுகு தனக்குத் தெரியாது என்பது சரிதான்.

இயக்குநர் கெட்டவர் இல்லை. ஆனால் அன்றைக்கு நான் போய்ச் சொன்னபோது அவருக்கு விழாவைத் தவிர எதுவும் கண்ணில் படவில்லை. “சேச்சி, கண்ணு எங்க போகுதுன்னு வெச்சு ஒரு கதை உண்டாக்குறீங்க. அந்த முகம் நாட்டுக்கே தெரிஞ்சது, நாம புதுசா என்ன பண்ணிட்டோம்?” என்றார்.

“அவ யாருன்னு நாம கேட்டோமா?”

நடிகரைப் பற்றி மூன்று மாசம் ஆராய்ச்சி செய்தோம், அவருடைய பழைய மூக்குக்கண்ணாடியின் சட்டம் வரைக்கும். இவள் பேர் ஒருத்தருக்கும் தெரியவில்லை. ஷைனி போனை எடுத்துத் தேடினாள். பத்து நிமிஷம்தான் ஆனது. பொன்முடிக்குப் போகிற சுற்றுலாக்காரர்கள் அவளோடு நின்று எடுத்த படங்களைப் போட்டிருந்தார்கள். கல்லாற்றில் ஒரு டீக்கடை.

மறுநாள் காலை நானும் ஷைனியும் விதுரா பஸ் பிடித்து, அங்கிருந்து கல்லாறு போனோம். வழி நெடுக எனக்கு ஒரு சின்ன ஆசை, நாங்கள் நினைத்தது தப்பாக இருக்க வேண்டும் என்று. தப்பாக இருந்தால் எல்லோருக்கும் சௌகரியம்.

கடையில் ஒரு பெண் நேந்திரம்பழத்தை மாவில் தோய்த்துப் பழம்பொரி போட்டுக்கொண்டிருந்தாள். முப்பத்தைந்து வயசு இருக்கும். ஷைனி தோளில் லேப்டாப் பையைப் பார்த்ததும் அவளாகவே பேசினாள்.

“வீடியோவுக்கா வந்திருக்கிய? செத்த பொறுங்கக்கா, இந்த ஈடு எடுத்துட்டு வாரேன். வெளிய நின்னுதான் அழுவேன். உள்ள புகையா இருக்கும், படம் தெளிவா விழாது.”

சலிப்பு இல்லை, வருத்தம் இல்லை. டீயில் சர்க்கரை வேண்டுமா என்று கேட்கிற குரல். எனக்கு அங்கேயே உட்கார்ந்து அழ வேண்டும் போல இருந்தது.

“அழச் சொல்லி வரலைம்மா,” என்றேன். “அன்னிக்குக் கூட்டத்துல நீங்க என்ன தேடிண்டிருந்தேள்?”

கரண்டி அப்படியே நின்றது. பழம்பொரி கருகுவதை நான் பார்த்தேன், அவள் பார்க்கவில்லை.

“தேடுனேன்னு ஒங்களுக்கு ஆரு சொன்னா?”

“இந்தப் பொண்ணு உங்க கண்ணு போற இடத்தை ஒவ்வொண்ணா வரைஞ்சு பாத்தா.”

அவள் ஷைனியைத் தலையிலிருந்து கால் வரை பார்த்தாள். அப்புறம் அடுப்பைக் குறைத்துவிட்டு வந்து எதிரில் உட்கார்ந்தாள். பேர் இசக்கியம்மாள். வள்ளியூர்ப் பக்கம். கட்டட வேலைக்காகப் புருஷனோடு திருவனந்தபுரம் வந்தவள். அன்றைக்கு மூன்று வயசு மகள் பவித்ராவுக்குக் காய்ச்சல் மருந்து வாங்கப் போயிருக்கிறாள். ஊர்வலம் என்றெல்லாம் தெரியாது. சாலையைக் கடப்பதற்குள் கூட்டம் நெருக்கித் தள்ளியதில் குழந்தை பிரிந்துவிட்டது. கடைசியில் ஒரு பெண் போலீஸ் குழந்தையைக் கடைவாசலில் உட்காரவைத்து பன் வாங்கிக் கொடுத்திருந்தாள். ஒரு கீறல் இல்லை. ஆனால் சாயங்காலம் டிவியில் இசக்கி நடிகருக்காக அழுதுகொண்டிருந்தாள். சினிமாக்காரன் பின்னால் போய்ப் பிள்ளையைத் தொலைத்தாள் என்று மாமியார் ஊரிலிருந்து சொன்னாள், புருஷனும் அதையே பிடித்துக்கொண்டு போய்விட்டான்.

“அவரு போனா போறாரு. பவிக்கு இப்போ பதிமூணு. விதுராவுல ஸ்கூலு. அழுகைக்காரி மவளேன்னு கூப்பிடுதாங்க. பி.டி.ஏ மீட்டிங்குக்கு வராதன்னுட்டா. ஒருநா கேட்டா, ‘அந்த ஆளு செத்ததுக்கு என்னை விட்டுட்டியாம்மா’ன்னு. இல்லட்டின்னு நான் ஒருத்தி சொல்லுதேன். அந்தப் பக்கம் ஊரே சொல்லுது. எத நம்புவா?”

ஊர் வாயை மூட உலைமூடி ஏது? அவள் அழுது காட்டுவதும் அதனால்தான். முடியாது என்று சொன்னால் அதையும் வீடியோ எடுத்துத் திமிர் பிடித்தவள் என்று போடுகிறார்களாம்.

அடுத்தது என்ன செய்வது என்று எனக்கு ஒரு கணம் குழப்பம். படத்தைக் காட்டாமல், ‘உங்களை எடுத்துவிடுகிறோம்’ என்று சொல்லித் திரும்பிவிடலாம். ஷைனி மெல்ல, “காட்ட வேண்டாம் சேச்சி, பாவம்,” என்றாள். இந்தத் தடவை அவள் சொன்னதைக் கேட்டு, யோசித்து, அப்புறம்தான் மறுத்தேன். இசக்கி முகத்தில் நாம் செய்ததை அவளுக்குத் தெரியாமல் அழித்துவிட்டால் அதுவும் திருட்டுதான்.

லேப்டாப்பைத் திறந்து போட்டேன். நாற்பது இசக்கியை இசக்கி பார்த்தாள்.

“கலரு நல்லா இருக்கு,” என்றாள். அப்புறம், “கண்ணுல என்னக்கா அது?”

“நட்சத்திரம்.”

“ஆரு வச்சது?”

“நான்தான்.”

நான் மன்னிப்புக் கேட்டேன். ஒத்திகை பார்த்துப் போன வார்த்தை ஒன்றும் வரவில்லை, ‘தப்புப் பண்ணிட்டேம்மா’ என்றுதான் வந்தது. பரவாயில்லை என்று அவள் சொல்லவில்லை. எண்ணெய் காய்கிறது என்று எழுந்து போனாள். கருகினதை எடுத்துப் போட்டுவிட்டு, வந்த இரண்டு பேருக்கு டீ ஆற்றிக் கொடுத்தாள். அந்தக் கால்மணி நேரம் நான் உட்கார்ந்திருந்த பெஞ்சு இன்னும் உறுத்துகிறது.

திரும்பி வந்தவளிடம், “உங்களைப் படத்துலேர்ந்து முழுசா எடுத்துடறோம்,” என்றேன்.

“எடுத்தா போன்ல இருக்கதும் போயிருமா?”

“போகாது.”

“அப்போ எடுக்காதிய. கண்ண மட்டும் திருப்பித் தாங்க. எம் மவ அதப் பாக்கணும்.”

திரும்பி வந்து இயக்குநரிடம் சொன்னபோது எட்டு நாள்தான் மிச்சம். அவர் தலையில் கை வைத்துக்கொண்டார். சிரிப்பு வருகிற ஒரே இடம் அதுதான், அதை எடுத்தால் படம் படுத்துவிடும் என்றார். நான் முயல், யானை விளம்பரக்காரர்களிடம் பயன்படுத்துகிற கெஞ்சல் குரலை விட்டுவிட்டு, என் பெயரையும் ஷைனி பெயரையும் எடுத்துவிட்டு அப்படியே போட்டுக்கொள்ளுங்கள் என்றேன். ஷைனி அந்த இரண்டு கண்ணை அவர் முன்னால் ஓடவிட்டாள். இசக்கி சொன்னதையும் அவளே சொன்னாள். அவர் நாலைந்து தடவை ஓடவிட்டுப் பார்த்துவிட்டு, “நாற்பது விநாடி. அதுக்கு மேலே ஒரு விநாடி கிடையாது,” என்று எழுந்துபோனார்.

அந்த எட்டு நாளும் ஷைனி சொல்ல நான் வரைந்தேன். டிவியில் வந்த முழுச் சட்டகத்தைத் தேடி எடுத்தோம். போனில் சுற்றிய துண்டில் தோளுக்கு மேலேதான் தெரியும். முழுசில் கீழே கால்கள் தெரிந்தன. முதல் வரிசைக் கட்டங்களில் முகம் மட்டும், அடுத்த வரிசையில் சட்டகம் கொஞ்சம் விரியும், அதற்கடுத்ததில் இன்னும் கொஞ்சம், கடைசியில் அவள் எங்கே பார்க்கிறாள் என்பது தெரியும். கோமாளி இசையைத் தூக்கிவிட்டுக் கூட்டத்தின் சத்தத்தை மட்டும் வைத்தோம். ஐந்தாவது நாள் இயக்குநருக்கே வேகம் வந்து, கடைசிக் கட்டத்தில் கால்களுக்கு நடுவே ஒரு குழந்தையை வரைந்துவிடலாம், ஜனங்கள் கண்ணீர் விடுவார்கள் என்றார். எனக்கும் கை துறுதுறுத்தது.

“கொழந்தைய அந்தப் படத்துல நம்ம கண்டமா? இல்லல்ல. பின்ன எதுக்கு வரைய?” என்றாள் ஷைனி. “அன்னைக்கு அவங்களுக்கும் கெடைக்கல்லியே.”

வரையவில்லை. உங்களுக்கு ஏதாவது ஒன்றை நான் சொல்லித்தர வேண்டும் என்றால் அதைத்தான் சொல்வேன். நல்லது செய்கிறோம் என்கிற உற்சாகத்தில்தான் இரண்டாவது தப்பு வரும். முதல் தப்பாவது கொஞ்சம் உறுத்தும், இது உறுத்தக்கூடச் செய்யாது.

விழா அன்று இசக்கி பச்சைப் புடவை கட்டி வந்திருந்தாள். பவித்ரா கூட வந்தாள், ஆனால் அம்மாவுக்கு இரண்டு வரிசை முன்னால் தனியாக உட்கார்ந்தாள். நான் பக்கவாட்டில், அவள் முகம் தெரிகிற இடத்தில் நின்றேன். என் படத்தை நான் பார்க்கவே இல்லை.

நடிகர் வந்தார், வாய்கள் பறந்தன, அரங்கம் சிரித்தது. அழுகைக்காரி வந்ததும் பின்னாலிருந்து விசில். தெரிந்த முகம் அல்லவா. இரண்டாவது வரிசைக் கட்டங்கள் விரிந்தபோது சிரிப்பு அங்கங்கே இருந்தது. மூன்றாவதில் இரண்டு மூன்று பேர்தான். கடைசியில் நாற்பது பெண்கள் நாற்பது கூட்டத்தில் கீழே கீழே பார்த்துக்கொண்டிருந்தபோது யாரோ இருமியதுதான் கேட்டது. பவித்ரா அசையவில்லை. எனக்குப் பயமாகிவிட்டது. பதிமூணு வயசுப் பெண்ணின் நெஞ்சை நாற்பது விநாடியில் மாற்றிவிடலாம் என்று நினைத்த என் அகங்காரத்தை நானே திட்டிக்கொண்டேன்.

வெளியே வரும்போது படத்துக்கு உள்ளே வராத நாலு கல்லூரிப் பிள்ளைகள் இசக்கியை அடையாளம் கண்டுகொண்டார்கள். போன் வெளியே வந்தது. “சேச்சி, ஒந்நு கரயாமோ?” ஒரு தடவை அழ முடியுமா என்று கேட்கிறார்கள். இசக்கி பழக்கதோஷத்தில் பையைக் கீழே வைக்கப் போனாள்.

பவித்ரா எங்கிருந்தோ வந்து குறுக்கே நின்றாள். “எங்கம்மை அழமாட்டா,” என்றாள். “அது அந்த ஆளுக்கு அழுததல்ல. என்னைத் தேடினதாக்கும்.”

பிள்ளைகளில் ஒருவன் “ஸாரி சேச்சி” என்று போனை உள்ளே வைத்தான். அம்மாவும் மகளும் பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தார்கள். வழியனுப்ப நானும் ஷைனியும் இரண்டடி பின்னால் போனோம். அப்புறம் பவித்ரா அம்மாவைப் பார்க்காமலே கேட்டாள்.

“எத்தற நேரம் தேடுனம்மா?”

“மணி ஆரு பாத்தா?” என்றாள் இசக்கி. “நீ கெடைக்குத வரைக்கும்.”